குறிப்புக்கான கட்டம்

மாதத்தின் ஐந்தாம் தேதி
பாலாற்றங்கரையில் பதினோராம் எண் நோக்குக் கிணற்றுக்கு
சாக்பீஸோடு போகிறேன்.

பாடம் நடத்த அல்ல.
இரும்பு நாடாவின் கடைசி மூன்று மீட்டரில்
சாக்பீஸைத் தேய்த்துக்
குழாய்க்குள் இறக்குவேன்.
எதுவரை கறுத்து வருகிறதோ
அதுவரை தண்ணீர்.
மீதி, கழித்தல் கணக்கு.

குழாய் மூடிக்கு ஒரு பூட்டு உண்டு.
அதை உடைத்து ஒருமுறை
யாரோ உள்ளே கல் போட்டிருந்தார்கள்,
எவ்வளவு ஆழமென்று காது கொடுத்துக் கேட்க.
கோபம் வரவில்லை.
அதே கேள்விக்குத்தான் எனக்குச் சம்பளம்.

இங்கே ஆறு என்றால் மணல்.
ஆறு அதற்கு அடியில்
படுத்தபடியே கிழக்கே நடந்துகொண்டிருக்கும்,
நாலு ஊராட்சியின் குடங்களைச் சுமந்து.
இரவில் வந்த லாரிகள்
மணலை அள்ளியதாக வழக்கு.
அவை அள்ளியது பாத்திரத்தை.

நவம்பரில் வெள்ளம் வந்தது.
பாலம் கொள்ளாத ஜனம்.
கற்பூரம், மஞ்சள், செல்ஃபி.
ஆட்டோ ஸ்டாண்டு கன்னியப்பன்
பிள்ளையைத் தோளில் ஏற்றிக் காட்டினான்:
"பார்ரா, இதாண்டா ஆறு."
பிள்ளை வீறிட்டு அழுதது.
அதற்குத் தெரிந்த ஆற்றில்
அது சைக்கிள் பழகியிருந்தது.

டிசம்பர் ஐந்து.
பதினெட்டு மீட்டருக்குக் கீழே கிடந்தது
ஏழு நாற்பதுக்கு ஏறியிருந்தது.
பம்ப் ஆபரேட்டர் எத்திராஜுலு
பக்கத்தில் நின்றுகொண்டு கேட்டார்:
"இன்னாம்மா எப்சிபா, எவ்ளோ கீது?"
சொன்னேன்.
ஐம்பத்தேழு வயதில் விசிலடித்தார்.

பிறகு பாட்டில் நீரில் உப்பு மீட்டரை வைத்தேன்.
எண் ஏறியது.
நிற்குமென்று பார்த்தேன்.
ஏறியது.
அக்டோபரில் ஆயிரத்து நானூறு,
இப்போது இரண்டாயிரத்து அறுநூறு.
பேட்டரி மாற்றினேன்.
முனையைக் கழுவித் துடைத்தேன்.
இரண்டாயிரத்து அறுநூறு.

மேட்டில் ஒரு தோல் ஷாப்,
மூடி வருஷம் இருபதாகிறது.
அதன் பின்பக்கக் குட்டையில் காய்ந்து கிடந்ததையெல்லாம்
வெள்ளம் கரைத்துக் கீழே அனுப்பியிருக்க வேண்டும்.
என் அப்பா சாலமோன்
அங்கே தோலுக்கு உப்பு தேய்த்தவர்.
என் பள்ளிக்கூடச் சீருடை அந்த உப்பில் வந்தது.
யாரைத் திட்ட?

ஆபீசிலிருந்து போன்.
"மட்டம் மட்டும் சொல்லுங்க மேடம்,
பேப்பருக்குக் கொடுக்கணும்.
ரொம்ப நாள் கழிச்சு ஒரு நல்ல சேதி."
அவர் கெட்டவர் இல்லை.
நாலு வருஷமாக என்னைப் போலவே
கெட்ட எண்களைக் கூட்டிக்கொண்டிருந்தவர்.

பக்கத்தில் குடிநீர்க் கிணறு.
எத்திராஜுலுவின் கை ஸ்டார்ட்டர் மேல் இருந்தது.
"போடட்டா?"
"இத பூட்டுங்க. தென்கரை கிணத்த ஓட்டுங்க."
"அது அரை மணி நேரம் தாங்காதேம்மா."
"அரை மணி ஓட்டுங்க. நிறுத்துங்க. திரும்ப ஓட்டுங்க."
"ஆறு ரொம்பத் தண்ணிய வெச்சிகினு
குடத்துக்கு இல்லேன்னா
ஜனம் என்னியத்தான் அடிக்கும்."
"என் நம்பரக் குடுங்க."
சிரிக்கவில்லை அவர்.
நம்பரைக் கேட்டு எழுதிக்கொண்டார்,
மின்பெட்டிக் கதவின் உள்பக்கம்,
ஆணியால் கீறி.

பதிவேட்டைத் திறந்தேன்.
நீர்மட்டத்துக்கு அகலமான கட்டம்.
உப்புக்கு அதில் பாதி.
குறிப்பு என்று அச்சடித்த ஓரத்தில்
ஒரு விரல்கூடப் படுக்காது.
பதினாறு வருஷமாக அதில்
ஒரு சிறு கோடுதான் போட்டுவந்தேன்.

தண்ணீர் ஏறியிருக்கிறது என்று தொடங்கினேன்.
குடிக்கத் தரவேண்டாம் என்று எழுதினேன்.
மேட்டுக் குட்டையைத் தோண்டிப் பாருங்கள் என்று
எழுதும்போது
கட்டம் முடிந்துவிட்டது.

பேனா நிற்கவில்லை.
கோட்டைத் தாண்டி எழுத்து
ஜனவரிக்குள்
இறங்கிக்கொண்டிருந்தது.